கணுக்காலுக்கு இறங்கிய கோடு

ஆவணி மாதத்துச் செவ்வாய்க்கிழமை ஒன்றில், பால் வண்டி வந்துபோன பிறகு, பள்ளிக்கூட மணி அடிப்பதற்கு முன்பு, எங்கள் பனங்குடித்துறையின் மேல் அந்த ஈரக்கோடு வந்து நின்றது. சுவரில் நின்றது, சுவரில் மாட்டிய காலண்டரில் நின்றது, பீரோவில் நின்றது, பஸ் ஸ்டாண்டில் புறப்படக் காத்திருந்த பஸ்ஸின் வயிற்றில் நின்றது, தொழுவத்து மாட்டின் விலாவில் நின்றது, ஒரு நிமிஷம் அசையாமல் நின்று பேசிக்கொண்டிருந்தவர்களின் வேட்டியிலும் சேலையிலும் நின்றது. இரண்டு விரற்கடை அகலம். தொட்டால் குளிர்ந்தது, நாக்கில் வைத்தால் உப்புக் கரித்தது. ஊர் முழுக்க ஒரே மட்டம்தான், தரைதான் மேடும் பள்ளமும். அதனால் பஸ் ஸ்டாண்டில் ஆளின் இடுப்புக்கும், தோணித்துறைத் தெருவில் நெஞ்சுக்கும், மேட்டுத்தெருவில் முட்டிக்கும், பிள்ளையார் கோயிலில் முதல் படிக்கும் அது நின்றது.

முதல் வாரம் ஊர் அதை அழிக்கப் பார்த்தது. சுண்ணாம்பு அடித்தார்கள், பெயின்ட் அடித்தார்கள், வசதி உள்ளவர்கள் டைல்ஸ் ஒட்டினார்கள். கோடு டைல்ஸுக்கு மேலே வந்து நின்றுகொண்டது. இரண்டாம் வாரம் ஊர் கோபித்துக்கொண்டது. இது யார் செய்த பாவம் என்று இரண்டு தெருக்காரர்கள் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள். மூன்றாம் வாரம் பழகிக்கொண்டது. எதையும் மூன்றாம் வாரத்தில் பழகிக்கொள்ளும் ஊர் எங்களுடையது. டீக்கடைக்காரர் கோட்டின் மட்டத்துக்கு ஒரு பலகை அடித்து சோடா பாட்டில்களைக் குளிரவைத்தார். எறும்புகள் அதன் கரையோரமாக வரிசை பிடித்தன. பெண் பார்க்க வந்தவர்கள் காபி டம்ளரை வாங்குவதற்கு முன்பே சுவரைப் பார்த்தார்கள், "எங்க வீட்ல முட்டிக்குக் கீழதாங்க" என்று பெண்ணின் அப்பா முந்திக்கொண்டு சொன்னார். டிவிக்காரர்கள் இரண்டு நாள் வந்தார்கள். அதிகாரிகள் ஒருநாள் வந்து டேப் வைத்து அளந்து, ‘ஈரக்கசிவு’ என்று எழுதிக்கொண்டு போனார்கள். சிலர் கற்பூரம் காட்டினார்கள். கற்பூரமும் எரிந்தது, கோடும் நின்றது.

அது என்ன கோடு என்று தினமும் ஒரே நேரத்தில், ஒரே இடத்தில் நின்று பார்த்தவள் ஊரிலேயே ஒருத்திதான். அவள் பெயர் மலர்க்கொடி.

நரியாறு கடலில் போய் விழுவதற்கு ஒரு மைல் முன்னால் ஏழு கண் வைத்த ஒரு மதகு இருக்கிறது. ஒவ்வொரு கண்ணுக்கும் ஒரு இரும்புக் கதவு; ஷட்டர் என்போம். கடல் ஏறி வரும்போது மூட வேண்டும், இல்லாவிட்டால் உப்புத்தண்ணீர் வயலுக்குள் வந்துவிடும். கடல் இறங்கும்போது திறக்க வேண்டும், இல்லாவிட்டால் ஊர்த்தண்ணீர் வெளியே போகாது. இதற்கென்று இலாகா ஒரு ஆள் வைத்திருக்கும், லஸ்கர் என்று பெயர். பதினோரு வருஷமாக மலர்க்கொடிதான் லஸ்கர். ஆனால் அவளை யாரும் லஸ்கர் என்று சொல்லி நான் கேட்டதில்லை. "கலியமூர்த்தி வேலையை அந்தப் பொண்ணு பாக்குது" என்றுதான் சொல்வார்கள். கலியமூர்த்தி அவள் புருஷன். ஒரு பங்குனி மாதத்து உச்சிப்பொழுதில், ஷட்டர் சுற்றுகிற ஹேண்டில் கையில் இருக்க, கரையில் பாம்பு கடித்துச் செத்துப்போனவன். கருணை அடிப்படையில் வேலை அவளுக்கு வந்தது.

"எங்கண்ணன் உசுரக் குடுத்து வாங்கிக் குடுத்த வேலை அண்ணி அது. நீங்க என்ன, பரீட்சை எழுதியா வாங்குனீங்க?" என்பாள் குமுதா. கலியமூர்த்தியின் தங்கை. அடுத்த வீட்டில் தையல் மெஷின் போட்டிருந்தாள், சாப்பாடு மட்டும் அண்ணி வீட்டில். இதை அவள் வெறுப்பாகச் சொன்னதே இல்லை. அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டே, மழை வரும்போலிருக்கிறது என்று சொல்வதுபோல் சொல்வாள். அதனாலேயே அது ஆழமாக இறங்கிவிட்டது. மலர்க்கொடியும் அப்படித்தான் நம்பினாள். இறந்தவன் கழற்றிவைத்த சட்டையைப் போட்டுக்கொண்டு திரிகிறோம் என்று ஒரு கூச்சம் அவளுக்கு எப்போதும் உண்டு. யாராவது என்ன வேலை பார்க்கிறாய் என்று கேட்டால், "சும்மா, கதவு திறக்கிறது மூடுறதுதான்" என்பாள்.

தினமும் காலை ஆறு மணிக்கு மதகுச் சுவரில் எழுதியிருக்கிற அளவைப் பார்த்து, தண்ணீர் உள்பக்கம் எவ்வளவு, வெளிப்பக்கம் எவ்வளவு என்று நோட்டில் எழுதுவது அவள் வேலை. கோடு வந்த நாளிலிருந்து, மதகு அறையின் நிலைக்கதவில் அது நின்ற உயரத்தையும் பக்கத்திலேயே எழுதினாள். எழுதச் சொல்லி யாரும் உத்தரவு போடவில்லை. வந்த தண்ணீரை எழுதிப் பழகிய கை, வராத தண்ணீரையும் எழுதிவிட்டது. புரட்டாசி பிறந்தபோது நோட்டைத் திருப்பிப் பார்த்தாள். மேலாற்றில் ஆகாயத்தாமரை வந்து அடைத்த வாரம் கோடு ஒரு விரற்கடை ஏறியிருந்தது. விவசாயிகள் அதை வெட்டித் தள்ளிய மறுநாள் ஒரு விரற்கடை இறங்கியிருந்தது. நோட்டை எடுத்துக்கொண்டு நேராக டீக்கடைக்குப் போனாள்.

"அது கசிவு இல்லீங்க. வரப்போற தண்ணி. இன்னிக்குப் புயலடிச்சா இன்னிக்கு எதுமட்டும் தண்ணி நிக்குமோ அதுமட்டும் கோடு நிக்குது. நாளைக்கு அடிச்சா நாளைக்குக் கோடு."

பெஞ்சில் உட்கார்ந்திருந்த உத்திராபதி டம்ளரைக் கீழே வைத்தார். அரவை மில் முதலாளி அவர், ஊரில் அவர் சிரித்தால் நாலு பேராவது கூடச் சிரித்தாக வேண்டும். "ஷட்டர் சுத்துறவங்கல்லாம் வானிலை அறிக்கை வாசிக்க ஆரம்பிச்சாச்சு. ஏம்மா, அப்படியே என் பேத்திக்கு எப்பக் கல்யாணம்னும் பாத்துச் சொல்லேன்!"

நாலு பேர் சிரித்தார்கள். மலர்க்கொடியும், பழக்கத்தில், கொஞ்சம் சிரித்துவிட்டு வந்துவிட்டாள்.

சிரித்தவர்தான் அந்த வாரமே வீட்டைத் தூக்க ஆள் கொண்டுவந்தார். வெளியூர்க்காரர்கள் லாரி நிறைய ஜாக்கிகளோடு வந்து, அஸ்திவாரத்துக்கு அடியில் ஒவ்வொன்றாக வைத்து, விசில் ஊதி ஊதி, வீட்டை அப்படியே நாலடி உயரத்துக்குத் தூக்கினார்கள். உள்ளே உத்திராபதியின் சம்சாரம் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். தூக்கிய வீட்டைச் சுற்றி டிராக்டர் டிராக்டராக மண் கொட்டினார்கள். அந்த மண், வீட்டின் ஓரமாக ஓடிய வாய்க்காலையும் தின்றுவிட்டது. அவர் வீட்டில் கோடு வாசற்படிக்குக் கீழே போனது. மற்ற வீடுகளில் எல்லாம் நாலு விரற்கடை ஏறியது.

ஊர் திரண்டு போய் அவர் புது வாசலுக்குக் கீழே அண்ணாந்து நின்றது. "உங்க வீடு ஏறுச்சு, எங்க வீட்டுக் கோடும்ல ஏறுது!" என்று தோணித்துறைத் தெருக்காரர்கள் கத்தினார்கள். மலர்க்கொடி கத்தவில்லை. நோட்டைப் பிரித்து, விரலை வைத்துப் படித்தாள். "புதன்கெழமை பதினோரு நடை மண்ணு, ஒரு விரக்கடை. வியாழக்கெழமை இருவது நடை, ரெண்டு விரக்கடை. வெள்ளிக்கெழமை வாய்க்கா முழுசாத் தூந்துபோச்சு, இன்னொண்ணு." பிறகு கேட்டாள்: "மில்லுல போய்ப் பாத்தீங்களாய்யா? மில்லைத் தூக்கலையே."

மில்லில் கோடு, நெல் மூட்டைகளின் இரண்டாம் அடுக்கிலிருந்து மூன்றாம் அடுக்குக்குப் போயிருந்தது.

மறுநாள் மத்தியானம், ஊர் சாப்பிடும் நேரமாகப் பார்த்து, யாருக்கும் தெரியாமல் அவர் ஆள் வைத்து வாய்க்காலைத் தோண்டிவிட்டார். ஆனால் அந்தக் கோடு இருக்கிற ஊரில் யாருக்கும் தெரியாமல் எதைச் செய்ய முடியும்? ரசத்துக்குச் சோறு பிசைந்துகொண்டிருந்த ஊர், சுவரில் கோடு விறுவிறுவென்று நாலு விரற்கடை இறங்குவதைப் பார்த்து, எச்சில் கையோடு தெருவுக்கு வந்து கைதட்டியது. உத்திராபதி மேலே நின்று, வேறு வழியில்லாமல், கும்பிட்டார்.

அதன்பிறகு வந்த ஐப்பசி மாதம் மாதிரி ஒரு மாதத்தை எங்கள் ஊர் அதற்கு முன்பு கண்டதில்லை. யார் என்ன வேலை செய்தாலும் அது சுவரில் தெரிந்தது. பேரிடர் ஆயத்தக் குழு என்று ஒன்று போட்டு, மைக் வைத்து, மூன்று பேர் பேசி, பொன்னாடை போர்த்தினார்கள். கோடு ஒரு நகக்கண்கூட அசையவில்லை. ஒரு வியாழக்கிழமை, எந்தக் கூட்டமும் இல்லாத நேரத்தில், சொல்லாமல் கொள்ளாமல் இரண்டு விரற்கடை இறங்கியது. என்ன, ஏது என்று ஊர் தேடிக்கொண்டு போனால், தூய்மைப் பணியாளர் அமிர்தம் கடைத்தெருப் பாலத்தின் குழாயிலிருந்து ஒரு பழைய மெத்தையை இழுத்து வெளியே போட்டுவிட்டு, சேற்றோடு உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தாள். அன்று சாயங்காலம் டீக்கடையில் ஒருவர் எழுந்து அவளுக்குப் பெஞ்சில் இடம் விட்டார். "நின்னு குடிச்சே பழகிப்போச்சுப்பா" என்றாள் அமிர்தம். பிறகு உட்கார்ந்தாள்.

இப்படி ஆகாயத்தாமரை போனது, பிளாஸ்டிக் போனது, ஆற்றுக்குள் நீட்டிக் கட்டியிருந்த இரண்டு சுவர்கள் போயின. கார்த்திகை பிறக்கும்போது பஸ் ஸ்டாண்டில் கோடு கணுக்காலுக்கு வந்துவிட்டது. யார் யாரால் எவ்வளவு இறங்கியது என்று ஊரில் சின்னப் பிள்ளைகளும் ஒப்பித்தார்கள். அதில் மலர்க்கொடியின் பெயர் இல்லை. அவளும் தேடவில்லை. கோடு வந்த நாளிலிருந்து அவள் ஒருநாள்கூட லீவு போட்டதில்லை. அவள் இல்லாத கோடு எவ்வளவு என்று காட்ட, அவள் இல்லாத நாள் என்று ஒன்று அதுவரை வரவே இல்லை.

அந்த நாளைக் கொண்டுவந்தது ஒரு உத்தரவு. கோடையிலேயே ஏழு ஷட்டருக்கும் கரண்ட் மோட்டார் மாட்டியிருந்தார்கள். பட்டனை அழுத்தினால் ஏறும், இன்னொன்றை அழுத்தினால் இறங்கும். ஆகையால் மதகில் லஸ்கர் பணியிடம் இனித் தேவையில்லை என்றும், மலர்க்கொடி கார்த்திகை மூன்றாம் வாரம் வியாழக்கிழமை கோட்ட அலுவலகத்தில் அலுவலக உதவியாளராகச் சேர வேண்டும் என்றும், சேராவிட்டால் உத்தரவு ரத்தாகும் என்றும் தாளில் இருந்தது. பழைய வேலைதான் இல்லையே; புதிய வேலையும் போனால் கையில் ஒன்றும் மிஞ்சாது.

"ஃபேனுக்கடியில நாக்காலி அண்ணி!" குமுதாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "சேறு மிதிக்க வேணாம், பாம்பு பல்லிக்குப் பயப்பட வேணாம். எங்கண்ணன் குடுத்துவெக்காத நாக்காலி." மூன்று ரவிக்கை புதிதாகத் தைத்துக் கொடுத்தாள்.

புதன்கிழமை ரேடியோ, கடலில் ஒரு புயல் கிளம்பியிருப்பதாகவும் சனிக்கிழமை வாக்கில் கரையைக் கடக்கலாம் என்றும் சொன்னது. மலர்க்கொடி அலுவலகத்துக்குப் போன் போட்டாள். "சார், புயல் சொல்றாங்களே, ரெண்டு நாள் கழிச்சு வந்து சேந்துக்கட்டுமா?"

"மோட்டார் எதுக்கும்மா வெச்சிருக்கு? சின்னப் புள்ள பட்டன அமுக்கினாலும் தொறக்கும். நீங்க வியாழக்கிழமை வரலைன்னா நான் ஒண்ணும் செய்ய முடியாது."

சின்னப் பிள்ளைகூடத் திறக்கும் என்பதை அவள் உடனே ஒப்புக்கொண்டாள். அவளும் அப்படித்தானே சொல்லிக்கொண்டிருந்தாள். ஹேண்டிலுக்குக் கிரீஸ் தடவி, சாக்கில் சுற்றி, அறையில் ஆணியில் மாட்டிப் பூட்டினாள்.

வியாழக்கிழமை ஒன்பது நாற்பது பஸ்ஸில் நானும் இருந்தேன். இருபது வருஷம் வெளிநாட்டில் இருந்துவிட்டு ஊருக்குத் திரும்பிய ஆள் நான். ஏதோ ஒரு கையெழுத்துக்காகப் போய்க்கொண்டிருந்தேன். எனக்கு முன் சீட்டில் மலர்க்கொடியும் குமுதாவும். உத்தரவுத்தாளை மடிக்காமல் நெஞ்சோடு அணைத்துப் பிடித்திருந்தாள். மறுபக்கம் உத்திராபதி, ஆரம்ப சுகாதார நிலையத்து நர்ஸ், இன்னும் முப்பது பேர். கண்டக்டர் செல்வராசு விசிலை வாயில் வைத்தார், ஊதவில்லை. வெளியே டயரின் அடியில் கிடந்த கோடு ஏறத் தொடங்கியிருந்தது.

அது அவசரப்படவில்லை. டயர் ஏறி, படிக்கட்டு ஏறி, பஸ்ஸின் தரைக்கு வந்து, உட்கார்ந்திருந்தவர்களின் கணுக்காலில் குளிர்ந்து, முட்டி ஏறி, மடி ஏறியது. "யேய், யேய்" என்று ஒரு கிழவர் காலைத் தூக்கிச் சீட்டின் மேல் வைத்துக்கொண்டார். கோடு இடுப்புக்கு வந்தது, நெஞ்சுக்கு வந்தது. ஒரு தாய் கைக்குழந்தையைத் தலைக்கு மேலே தூக்கினாள். தோணித்துறைத் தெருவில் அந்த நேரம் அது கதவு நிலையைத் தாண்டிப்போனதாம். பெண்கள் தெருவில் நின்று அலறினார்களாம். பஸ்ஸுக்குள் யாரும் அலறவில்லை. எல்லோருடைய தொண்டையிலும் கோடு இரண்டு விரற்கடை அகலத்துக்கு ஈரமாக நின்றது.

செல்வராசுதான் முதலில் பேசினார். "யாரோ ஊருக்கு வேண்டிய வேலைய விட்டுட்டு வந்து ஏறி உக்காந்திருக்கீங்க. யாருய்யா அது? எறங்குங்க. நான் இந்தக் கோட்டோட பஸ்ஸ எடுக்க விசில் குடுக்க மாட்டேன், எம்புள்ளகுட்டி இங்கதான் இருக்கு."

எல்லோரும் உத்திராபதியைப் பார்த்தார்கள். அவர் வேட்டியை மடித்துக்கொண்டு, ஒரு தோரணையோடு இறங்கினார். கோடு ஒரு நெல்லின் கனத்துக்கு இறங்கியது. அதற்கே அவர் முகம் மலர்ந்துவிட்டது. "தெனமும் அந்த வாய்க்காலப் பாத்துக்கிறேம்ப்பா" என்று வெளியிலிருந்து சொன்னார். நர்ஸ் இறங்கினார், அரை விரற்கடை. "ஆகா, நர்சம்மா இருக்கட்டும்!" என்று குரல் வந்தது. "நைட் டூட்டி பாத்துட்டு வீட்டுக்குப் போறவய்யா நானு, என்னைய விடுங்க" என்றார் அவர், ஆனால் திரும்ப ஏறவில்லை. ஒவ்வொருவராக இறங்கினார்கள். என் முறை வந்தபோது நானும் இறங்கினேன். எத்தனையோ நாடுகளில், எத்தனையோ பெரிய மேஜைகளுக்குப் பின்னால் உட்கார்ந்து வேலை பார்த்தவன். இறங்கி நின்று திரும்பிப் பார்த்தேன். கோடு அசையவில்லை. "பரவால்ல சார், ஓரமா நில்லுங்க" என்றார் செல்வராசு.

கடைசியில் பஸ்ஸுக்குள் இரண்டே பேர். குமுதா இறங்கினாள், கோடு அசையவில்லை. டிபன் பாத்திரத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு, ஜன்னல் வழியாக அண்ணியை வாய் திறந்து பார்த்தாள்.

மலர்க்கொடி எழுந்திருக்கவில்லை. தொண்டையில் கோட்டோடு, மிகவும் மரியாதையாகச் சொன்னாள்: "நான் இல்லீங்கண்ணே. அது கலியமூர்த்தி வேலை."

செல்வராசு அவளுக்கு முன்னால் வந்து நின்றார். "கலியமூர்த்தி பஸ்ல இல்லையேம்மா. நீங்கதான் இருக்கீங்க."

அவள் தன் கைகளைப் பார்த்தாள். கிரீஸ் கறை போகாத உள்ளங்கைகள். பிறகு சீட்டின் கம்பியைப் பிடித்து எழுந்து, ஒரு படி, இரண்டு படி, மூன்றாவது தரை என்று இறங்கினாள். அவள் கால் மண்ணில் பட்டதும், வாளித் தண்ணீரைக் கவிழ்த்ததுபோல ஒரு சத்தம் ஊர் முழுக்கக் கேட்டது. கோடு விழுந்து கணுக்காலில் நின்றது. குழந்தையைத் தலைக்கு மேல் பிடித்திருந்தவள் அதை இறக்கி முத்தம் கொடுத்தாள். மலர்க்கொடி யாரையும் பார்க்கவில்லை. "ஆறு மணி அளவு எழுதாம வந்துட்டேன்" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு, புதுச் சேலையோடு மதகுப் பக்கம் வேகவேகமாக நடந்தாள். பாதிவழியில் அந்த நடை ஓட்டமானது.

சனிக்கிழமை புயல் வந்தது. காலை பதினோரு மணிக்கே கரண்ட் போனது. ஏழு மோட்டாரும் ஏழு இரும்புப் பெட்டிகளாயின. மலர்க்கொடி ஹேண்டிலை எடுத்தாள். கூடவே, பக்கத்து மதகுகளிலிருந்து கேட்டு வாங்கிவைத்திருந்த இன்னும் நாலு ஹேண்டில்களையும் எடுத்தாள். மேட்டுத்தெருவும் தோணித்துறைத் தெருவும் இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு கரைமேல் வந்து நின்றன. ஒரு ஷட்டருக்கு நூற்று நாற்பது சுற்று. மூன்றாவது ஷட்டர் அறுபத்தொன்றாவது சுற்றில் மக்கர் பண்ணும், அப்போது கதவின் இடது ஓரத்தில் தோளைக் கொடுத்து ஒரு இடி இடிக்க வேண்டும். அது எந்தத் தாளிலும் எழுதியிருக்கவில்லை. கடல் ஏறி நின்ற வரை ஏழு ஷட்டரையும் மூடியே வைத்து, "தொறக்கக் கூடாது, பொறுங்க" என்று அவள் கத்தினாள். உள்ளே ஆறு விம்மிக் கரையைத் தொட்டது, ஆட்கள் பயந்து அவளைத் திட்டினார்கள், உத்திராபதி "தொறந்து தொலைங்கம்மா!" என்று கெஞ்சினார். அவள் மதகுச் சுவரில் ஏறிய நண்டுகளையே பார்த்துக்கொண்டு நின்றாள். மூன்று மணி சுமாருக்குக் கடலோடு சேர்ந்து நண்டுகளும் திரும்பி இறங்கத் தொடங்கின. "இப்ப!" என்றாள்.

ஐந்தாவது ஷட்டரின் ஹேண்டிலில் அமிர்தமும் நானும். எண்பதாவது சுற்றில் என் உள்ளங்கையில் கொப்புளம் உடைந்தது. "வலிக்குதா சார்?" என்றாள் அமிர்தம். "வலிக்குது" என்றேன். "அப்ப சரியாத்தான் சுத்துறீங்க" என்றாள். அன்று என் வீட்டுச் சுவரில் எனக்காக ஏதாவது இறங்கியதா என்று பார்க்க அங்கே யாரும் இல்லை. எனக்கும் பார்க்கத் தோன்றவில்லை.

தண்ணீர் வந்தது. தோணித்துறைத் தெருவில் முட்டிக்குக் கீழேயும், பஸ் ஸ்டாண்டில் கணுக்காலுக்கும், கோடு நின்ற இடத்துக்கு இம்மி பிசகாமல் வந்து நின்றது. ஜனங்கள் பஸ் ஸ்டாண்டில் கூடி நின்று தங்கள் கணுக்காலைத் தாங்களே குனிந்து பார்த்துச் சிரித்தார்கள். சிலர் சிரித்துக்கொண்டே அழுதார்கள். இரண்டு கூரை, ஒரு சைக்கிள், அமிர்தத்தின் ஒரு செருப்பு. அவ்வளவுதான் போனது. மறுநாள் தண்ணீர் வடிந்தபோது கோட்டையும் கூட்டிக்கொண்டு கடலுக்குப் போய்விட்டது.

உத்தரவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அன்று பஸ்ஸில் கோடு அவள் நெஞ்சைக் கடந்தபோது தாளையும் கடந்திருந்தது. சேர வேண்டிய தேதி இருந்த வரியில் மட்டும் மை கரைந்துபோயிருந்தது, அலுவலகத்து நகலிலும் அப்படியேதானாம். மலர்க்கொடி எந்தத் தேதியில் சேரத் தவறினாள் என்று அலுவலகத்தால் சொல்ல முடியவில்லை. கரண்ட் இல்லாத நாளில் மோட்டார் ஓடாது என்று தைமாதத்தில் யாரோ கண்டுபிடித்து, லஸ்கர் பணியிடம் தேவை என்று திரும்ப எழுதினார்கள். அவள் அதற்குள் இரண்டு மாத அளவுகளை நோட்டில் எழுதி முடித்திருந்தாள்.

கோடு போனதில் ஊருக்குச் சந்தோஷம்தான், ஆனால் தூக்கம்தான் சரியாக வரவில்லை. சுவரைப் பார்த்தால் சுவர்தான் இருந்தது. டீக்கடைப் பலகையில் பாட்டில்கள் சூடாக இருந்தன. எங்கே நிற்கிறது என்று தெரியாமல் எப்படி இருப்பது? முதலில் உத்திராபதி வந்தார், நடைப்பயிற்சிக்கு வந்ததுபோல. "என்னம்மா மலரு, இப்ப எங்க நிக்கும்?" அவள் மதகுச் சுவரைப் பார்த்தாள், மேலாற்றைப் பார்த்தாள், காற்றைக் கொஞ்சம் பார்த்தாள், பிறகு தன் காலிலேயே கையை வைத்துக் காட்டினாள். மறுநாள் நாலு பேர் வந்தார்கள். இப்போதெல்லாம் காலை ஆறு மணிக்கு மதகில் எப்போதும் ஒரு சின்னக் கூட்டம் இருக்கும். மலர்க்கொடி தன் உடம்பில் எங்கே கை வைக்கிறாள் என்று பார்த்துவிட்டுப் போவார்கள். முட்டியில் வைத்தால் அன்று சாயங்காலமே வாய்க்காலில் மண்வெட்டிச் சத்தம் கேட்கும்.

இந்த வருஷம் ஆவணியில் ஒருநாள் குமுதா வந்தாள். அதற்கு முன்பு அவள் கரைப்பக்கம் வந்ததே இல்லை. அண்ணன் விழுந்த இடம் என்று தவிர்த்துவந்தாள். மூன்றாவது ஷட்டருக்குப் பக்கத்தில் சற்றுத் தள்ளியே நின்று, சேலைத் தலைப்பைத் திருகிக்கொண்டு கேட்டாள்.

"அண்ணி, உங்க ஷட்டரு இன்னிக்கு என்ன சொல்லுது?"

மலர்க்கொடி நோட்டிலிருந்து தலையைத் தூக்கினாள். ஒரு கணம் அவளை அப்படியே பார்த்தாள். பிறகு குனிந்து, கிரீஸ் கையால், தன் கணுக்கால் மொட்டில் ஒரு விரலை வைத்தாள்.

"இங்க. போயி உலை வை, வர்றேன்."